கராஜில் ஒன்பதாவது பாட்டு

மேடம், நேற்று வந்தபோது நான் கொடுத்த காபியைப் பாதி டம்ளரோடு வைத்துவிட்டுப் போனீர்கள். சிக்கரி கொஞ்சம் தூக்கல் என்று எனக்கும் தெரியும். லேக் மார்க்கெட்டில் நான் வாங்குகிற கடையில் துர்கா பூஜை விடுமுறைக்கு ஆள் மாறியிருந்தான். புது ஆளுக்குக் கை நிதானமில்லை. அடுத்த முறை வரும்போது நல்ல பொடியாக வாங்கி வைக்கிறேன்.

அஷ்டமியன்று எங்கள் வீட்டுக்கு யார் வந்தார்கள், யார் போனார்கள் என்று சாட்சியாக எழுதித் தரச் சொன்னீர்கள். உங்கள் பாஷையிலேயே எழுதுங்கள், மொழிபெயர்க்க எங்களிடம் ஆள் இருக்கிறார் என்றீர்கள். அந்த ஆளை நல்ல ஆளாகப் பார்த்துக்கொள்ளுங்கள். மொழிபெயர்க்கிறவர் நினைத்தால் என்னவெல்லாம் செய்யலாம் என்று எனக்குத் தெரியும்.

என் பெயர் ராஜம். வயது அறுபத்திரண்டு. கணவர் சீதாராமன் போய் ஒன்பது வருஷம் ஆகிறது; குழந்தைகள் இல்லை. லேக் கார்டன்ஸில் இந்தக் கட்டிடத்தில் நான் முதல் மாடி. எனக்கு மேலே பாகீரதியும் அவள் பிள்ளை கிரீஷும். எனக்குக் கீழே கார் நிற்க வேண்டிய கராஜ். அதில் கார் நின்று நான் பார்த்ததில்லை. மேலே இருப்பவர்கள் கீழே போனாலும், கீழே இருப்பவர்கள் மேலே வந்தாலும் என் வாசலைத் தாண்டித்தான் ஆகவேண்டும். அதனால் எனக்குக் கொஞ்சம் விஷயம் தெரியும். தெருவில் என்னை வம்பு மாமி என்பார்கள். முப்பத்தோரு வருஷம் ஓர் இன்ஷூரன்ஸ் கம்பெனியில் க்ளெய்ம்ஸ் பிரிவில் இருந்தவள் நான். கிடங்கு எரிந்துவிட்டது என்று ஒருவர் அழுதுகொண்டு வந்தால், கடைசியாகப் பூட்டியது யார் என்று கேட்பதுதான் என் உத்தியோகம். சம்பளத்துக்குச் செய்தபோது அதற்கு விசாரணை என்று பெயர். பென்ஷனில் செய்தால் வம்பு.

நீங்கள் கிரீஷைச் சந்தேகப்படுகிறீர்கள். மூன்று தடவை ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டு அனுப்பினீர்கள். நேற்று சாயங்காலம் கூட்டிக்கொண்டு போனவன் இதை எழுதுகிற வரைக்கும் திரும்பவில்லை. உங்கள் சந்தேகத்தில் குறை சொல்ல மாட்டேன். செத்துப்போன பையனோடு ஆகஸ்டில் நடுத்தெருவில் சண்டை போட்டவன் அவன். கராஜ் சாவி வைத்திருப்பவன். பிணத்தை முதலில் பார்த்தவனும் அவன்தான். என் பழைய மேஜைக்கு இந்த ஃபைல் வந்திருந்தால் நானும் அவன் பெயருக்குக் கீழேதான் கோடு போட்டிருப்பேன். கராஜுக்கு இரண்டு சாவி என்று கேட்டுத் தெரிந்துகொண்டீர்கள். இரண்டாவது என்னிடம் இருக்கிறது என்றதும், "ஆமா, ஆமா, மாஷிமா" என்று சித்தி முறை வைத்துச் சொல்லி அடுத்த கேள்விக்குப் போய்விட்டீர்கள். க்ளெய்ம்ஸில் அப்படிப் போகமாட்டோம்.

முதலில் இவர்கள் கராஜில் நடத்திய பாட்டு பேண்டைப் பற்றிச் சொல்கிறேன். பெயர் ஹவுரா ஃபர்னஸ். ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கிற உலைகளின் ஞாபகமாக வைத்தார்களாம். அவர்களில் ஹவுராவில் குடியிருந்தது ஒருவன்தான். அவன்தான் ட்ரம்ஸ் வாசித்த துப்லு. உங்கள் காகிதத்தில் சௌம்யதீப் என்று இருக்கும். அந்தப் பெயரை அவன் பரீட்சைக்கும் உங்களுக்கும் மட்டும்தான் வைத்திருந்தான். அப்பாவுக்கு லேத் பட்டறை. இரும்புத் தூளிலேயே வளர்ந்ததில் சின்ன வயசிலிருந்தே ஆஸ்துமா. பட்டறைக்கு வரமாட்டேன், ட்ரம்ஸ்தான் வாசிப்பேன் என்று அப்பாவோடு பேச்சை விட்டிருந்தான். ஒரு ஆல்பம் வெளியே வந்துவிட்டால் அப்பா தன் முகத்தைப் பார்த்துப் பேசுவார் என்று அவனுக்கு ஒரு நம்பிக்கை. இதை அவனே என்னிடம் சொன்னான். எல்லோரும் என்னிடம் சொல்வார்கள்.

கிரீஷ் கிட்டார். சால்ட் லேக் பக்கம் கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை. சனி, ஞாயிறில் தலைமுடியை அவிழ்த்துவிட்டுக்கொள்வான். ராகுல் என்று ஒரு பையன் பாடிக்கொண்டே பேஸ் கிட்டாரும் வாசித்தான். அவர்கள் வாசித்ததற்குப் பெயர் த்ராஷ் மெட்டல். தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன், எல்லாவற்றையும் தலைதெறிக்கிற வேகத்தில் வாசிக்க வேண்டும். பாடுகிறவன் அண்டாவை மணல் போட்டுத் தேய்க்கிற மாதிரி பாட வேண்டும். ராகுல் நன்றாகவே தேய்த்தான்.

கராஜின் முன் ஷட்டரைப் பலகை அடித்து மூடினார்கள். ஜன்னலை அடைத்து ஏசி வைத்தார்கள். மாடிப்படிக்கு அடியில் இருக்கும் கதவுதான் வழி. அதிலும் இரண்டு அங்குலத்துக்கு ஸ்பாஞ்ச். அப்படியும் சத்தம் போகிறது என்று பக்கத்து வீட்டுக்காரர்கள் புகார் எழுதிக்கொண்டு கையெழுத்துக்கு வந்தார்கள். நான் போடவில்லை. குழந்தைகள் ஏதோ செய்கிறார்கள், விடுங்கள் என்று ரசகுல்லா கொடுத்து அனுப்பினேன். எனக்கு அவர்கள் மேல் விரோதம் என்று யாராவது சொன்னால் இதை நினைத்துக்கொள்ளுங்கள். என் வீட்டுத் தரை வழியாகப் பாட்டின் வார்த்தை வராது, கிட்டாரும் சரியாக வராது. ட்ரம்ஸ் மட்டும் உள்ளங்காலில் வரும். சமையலறையில் நின்றால் துப்லு இன்று சாப்பிட்டானா, கோபமாக இருக்கிறானா என்று சொல்லிவிடுவேன்.

அவர்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. ரெக்கார்டிங் நடக்கும்போது அறைக்குள் செல்போன் இருந்தால் கிட்டார் பெட்டியில் இரைச்சல் வருமாம். பை இருந்தால் அதன் ஜிப்பு ட்ரம்ஸ் அதிர்வில் கிணுகிணுத்து மைக்கில் விழுமாம். அதனால் போன்களை என் முறுக்கு டப்பாவில் போட்டுவிட்டு, பைகளை என் வாசல் நாற்காலியில் வைத்துவிட்டுத்தான் கீழே இறங்குவார்கள். துப்லு பையில்லாத அரை நிஜாருக்கு மாறிக்கொண்டு போவான். இன்ஹேலர் அவன் பையின் பக்க அறையில் இருக்கும். இளைப்பு வந்தால் இடையில் மேலே வந்து இழுத்துவிட்டுப் போவான். அப்போது நான் ஒரு டம்ளர் வெந்நீர் கொடுப்பேன்.

ஆல்பம் போன வருஷம் ஏப்ரலில் ஆரம்பித்தது. ஒன்பது பாட்டு என்று கணக்கு. பிப்ரவரியில் நாலு பாட்டு முடிந்த கையோடு ராகுல் போய்விட்டான். அதில் என் பங்கு ஒரு வாக்கியம்தான். கிரீஷ் ஒரு நாள் தன் அம்மாவிடம், ராகுல் குரலை வைத்துக்கொண்டு பாட்டின் வேகத்தைக் குறைக்க முடியாது என்று சொல்லிக்கொண்டே படியிறங்கினான். அதை ராகுலிடம் சொன்னேன். நடந்ததைத்தான் சொன்னேன். அவன் முகம் போன போக்கைப் பார்த்துவிட்டு, மேற்கொண்டு கேட்டால் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தேன். அவன் கேட்கவில்லை. இரண்டே வாரத்தில் பேஸ் கிட்டாரைத் தூக்கிக்கொண்டு போனான்.

மார்ச்சில் ஹம்ஸினி வந்தாள். கரியாஹாட்டில் வீடு; பன்னிரண்டு வருஷம் கர்நாடக சங்கீதம் கற்றுக்கொண்ட பெண். அந்தத் தொண்டையிலிருந்தும் உறுமல் வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. பேஸை கிரீஷே வாசித்துச் சேர்த்துக்கொண்டான். அவளுக்காகப் பாட்டின் போக்கே மாறிற்று. பழைய நாலு பாட்டை மறுபடி பாடினாள்; புதுப் பாட்டுகள் வேகம் குறைந்து, கனத்து, எருமை நடக்கிற மாதிரி வந்தன. துப்லுவுக்குத்தான் அது பிடிபடவில்லை. வேகமாக அடிக்கச் சொன்னால் விடிய விடிய அடிப்பான். மெதுவாக அடி என்றால் அவன் கை தடுமாறும். "அடிக்கும் அடிக்கும் நடுவுல நிறைய இடம் விடணும், அந்த இடம்தான் பாட்டு" என்று கிரீஷ் அவனிடம் வங்காளியில் தொண்டை கிழியச் சொல்லிக்கொண்டிருந்தான்.

மே மாதம் பாகீரதி வெற்றிலையோடு என் வீட்டுக்கு வந்தாள். "ராஜம், ஒரு நல்ல சேதி. பேங்களூர் கம்பெனிக்காரா ஆல்பத்தை எடுத்துக்கறாளாம். செப்டம்பருக்குள்ள குடுத்துட்டா டிசம்பர்ல எல்லாரும் அங்கயே போயிடறதுன்னு முடிவு" என்றாள்.

"எல்லாரும்னா?" என்றேன்.

"கிரீஷ், அந்தப் பொண்ணு, துப்லு. நானும்தான். நான் மட்டும் இங்க ஒக்காந்துண்டு என்ன பண்ணப் போறேன், சொல்லு. வீட்டைக் குடுத்துடப் போறோம். நீயும் இந்தச் சத்தம் இல்லாம நிம்மதியா இருக்கலாம்."

நான் சந்தோஷம் என்று சொல்லி அவளுக்குக் காபி கொடுத்தேன்.

இங்கே நீங்கள் வங்காளியாக இருப்பதால் ஒரு விஷயம் சொல்ல வேண்டும். கல்கத்தாவில் நாங்கள் தமிழைத் தாழ்ப்பாள் மாதிரி உபயோகிப்போம். மீன்காரனிடம் பேரம் பேசும்போதும், பஸ்ஸில் எதிரே உட்கார்ந்தவரின் சட்டையைப் பற்றி அபிப்பிராயம் சொல்லும்போதும், அவர் முன்னாலேயே தமிழில் பேசிவிடுவோம். புரியாது என்ற தைரியம். கிரீஷும் ஹம்ஸினியும் அப்படித்தான். துப்லு என் வாசலில் டப்பாவிலிருந்து போனை எடுத்துக்கொண்டு நிற்பான். இவர்கள் மேல்படியில் நின்று தமிழில் பேசுவார்கள். தன் பெயர் அடிபடுவது மட்டும் அவனுக்குத் தெரியும். மற்றதற்கு என் முகத்தைப் பார்ப்பான்.

ஜூனில் ஒரு நாள் முதல் தடவையாக வாய்விட்டுக் கேட்டான், "என்ன சொல்றாங்க மாஷிமா?"

கிரீஷ் அப்போது சொன்னது இது: "துப்லு இல்லேன்னா இந்த ஆல்பமே இல்ல. ஆனா அவனை ஸ்லோவா வாசிக்க வெக்கறதுக்குள்ள என் உயிர் போறது." இரண்டு வாக்கியம். நான் இரண்டாவதை மட்டும் வங்காளியில் சொன்னேன். விட்டுவிடுவது பொய் ஆகாது; பாலிசியில் பொடி எழுத்தில் போடுவதில்லையா, அது மாதிரி.

அடுத்த வாரம் கேட்டபோது ஒரு வார்த்தை சேர்த்தேன். அதற்கடுத்த வாரத்திலிருந்து அவர்கள் என்ன பேசினார்கள் என்று நான் கவனிக்கவேயில்லை. ஹம்ஸினி கல்லூரிக் கட்டணத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருப்பாள். நான் துப்லுவிடம், ட்ரம்ஸைக் கம்ப்யூட்டரிலேயே போட்டுக்கொள்ளலாம் என்கிறாள் என்பேன். அவன் நன்றி சொல்லிவிட்டுப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு போவான். கிரீஷிடம், "துப்லுவும் ராகுலும் கரியாஹாட் டீக்கடைல ஒண்ணா நின்னுண்டிருந்தாளே, உனக்குத் தெரியுமோ?" என்று மட்டும் கேட்டேன். அது நிஜம், ஒரு தடவை நின்றார்கள். அதன் பிறகு கிரீஷ் பாட்டுகளைப் பதிந்து வைத்திருக்கிற கம்ப்யூட்டர் பெட்டியைத் தினமும் மேலே எடுத்துக்கொண்டு போய்ப் பூட்ட ஆரம்பித்தான். அதை துப்லு பார்த்தான். பார்த்துவிட்டு, தான் அடித்ததைத் தானே தனியாகப் போனில் பதிய ஆரம்பித்தான். அதை கிரீஷ் பார்த்தான். இதற்கெல்லாம் மேற்கொண்டு யாரும் எதுவும் சொல்ல வேண்டியதில்லை, மேடம். சந்தேகம் வந்த வீட்டில் ஆட்களே மிச்ச வேலையைச் செய்துகொள்வார்கள்.

ஆகஸ்டு கடைசியில் தெருவில் சண்டை வந்தது. எட்டுப் பாட்டுக்கு ட்ரம்ஸ் முடிந்திருந்தது. ஒன்பதாவது, எல்லாவற்றையும் விட மெதுவான பாட்டு, பாக்கி. துப்லு கேட்டானாம், "எனக்கு பதிலா மெஷின் வைக்கப் போறியா, இல்லையா?" கிரீஷ் பதிலுக்கு, "என் பாட்டை ராகுலுக்கு வித்துட்டியா, இல்லையா?" என்றான். இரண்டு பேருமே எதிராளி கேட்டது புரியாமல் முழித்தார்கள். முழித்ததைக் குற்றம் பிடிபட்ட முழி என்று ஒருவருக்கொருவர் எடுத்துக்கொண்டார்கள். "இனி இந்தக் கராஜில் கால் வெச்சா நடக்கறதே வேற" என்று கிரீஷ் கத்தியதை மூன்று வீட்டுக்காரர்கள் உங்களிடம் சொல்லியிருக்கிறார்கள். சரியாகத்தான் சொன்னார்கள்.

செப்டம்பரில் ஆல்பம் போகவில்லை. பேங்களூர்க்காரர்கள் அக்டோபர் பத்து வரை தவணை கொடுத்தார்கள். கிரீஷ் முகம் வாடிப் படியேறினான். நான் அவனுக்கு அடை வார்த்துக் கொடுத்தேன். எல்லாம் சரியாகிக்கொண்டு வருகிறது என்று நினைத்தேன்.

அஷ்டமியன்று நாலு மணிக்கு துப்லு வந்தான்.

எங்கள் வீட்டில் கொலு; அவர் போன பிறகும் நான் அதை விடவில்லை. பாகீரதி யார் வீட்டுக்கோ வெற்றிலை பாக்கு வாங்கிக்கொள்ளப் போயிருந்தாள். கிரீஷ் வெளியே போயிருந்தான். துப்லு கொலுவைப் பார்த்துக் கும்பிட்டான், கடலைச் சுண்டல் சாப்பிட்டான். அப்புறம் போனை எடுத்து ஒரு ரெக்கார்டிங்கைப் போட்டான். போன் கையில் கிடைத்ததும் மனதில் ஓடுகிற தாளத்தை வாயால் சொல்லிப் பதிந்துகொள்வது அவன் பழக்கம். ஜூலையில் ஒரு நாள் அப்படிப் பதியும்போது படியில் இவர்கள் பேசிய தமிழும் விழுந்திருக்கிறது. கூடவே நான் சொன்ன வங்காளியும்.

அவன் தெருவில், ஹவுராவில், ரயில்வே பட்டறையில் வேலை பார்க்கும் பன்னீர்செல்வம் என்று ஒருவர் இருக்கிறாராம். அவர் மனைவி தமிழரசி; துப்லுவுக்கு அவள் பௌதி, அதாவது அண்ணி. பஞ்சமியன்று துப்லு வாசலில் உட்கார்ந்து பழைய ரெக்கார்டிங்கை ஓடவிட்டுக்கொண்டிருந்தபோது அவள் தண்ணீர் பிடிக்கப் போனவள் நின்றிருக்கிறாள்.

"தமிழரசி பௌதி சிரிச்சாங்க, மாஷிமா" என்றான் துப்லு. "யாருடா இது, உன்னைத் தலைல தூக்கி வெச்சுப் பேசறாங்கன்னு கேட்டாங்க. அப்புறம் உங்க குரல் வந்தது. மறுபடி போடச் சொன்னாங்க. இந்தம்மா வேற என்னமோ சொல்லுதேன்னாங்க."

எங்கள் கணக்கில் தமிழ்க் குடும்பம் என்றால் லேக் கார்டன்ஸ், லேக் மார்க்கெட், ரிசர்வ் பாங்க், அக்கவுண்டண்ட் ஜெனரல் ஆபீஸ். ஹவுராவில் பட்டறை வேலைக்கு வந்த தமிழர்கள் நூறு வருஷமாக இருக்கிறார்கள். முப்பத்தோரு வருஷம் ஆபீஸ் போகும்போது அவர்கள் பக்கம் நான் திரும்பிப் பார்த்ததில்லை. என் வாழ்க்கையில் நான் செய்த பிழை என்று ஒன்றைச் சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன்.

துப்லு கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குப் பதில் சொல்லத் தெரிந்திருக்கும். "ஏன் மாஷிமா?" என்று ஒரே ஒரு தடவை கேட்டான். நான் சுண்டல் கிண்ணத்தை எடுத்து உள்ளே வைத்தேன். "பரவாயில்லை. கிரீஷ்கிட்ட நீங்க தப்பாப் புரிஞ்சுக்கிட்டீங்கன்னு சொல்லிடறேன். வயசானவங்க, காது சரியாக் கேக்கலைன்னு சொல்றேன். ஏழு மணிக்கு வரச் சொல்லி மெசேஜ் பண்ணியிருக்கேன், அவனும் வரேன்னுட்டான். இன்னிக்கே ஒன்பதாவதை முடிச்சுடுவோம். அதுவரை போய்ப் பழகறேன்" என்றான். பிறகு, வழக்கம்போல, போனை முறுக்கு டப்பாவில் போட்டான். பையை நாற்காலியில் வைத்தான். அரை நிஜாருக்கு மாறிக்கொண்டு என் சாவியை வாங்கிக்கொண்டு இறங்கினான்.

என் காது நன்றாகக் கேட்கும். அதை யாரும் தவறாகச் சொல்வது எனக்குப் பிடிக்காது.

பதினைந்து நிமிஷம் கழித்து நான் கீழே போனேன். கதவுக் கொண்டியில் பூட்டும் சாவியும் தொங்கிக்கொண்டிருந்தன. பூஜை நாளில் தெருவில் எத்தனையோ பேர் நடமாட்டம். இப்படித் தொங்கவிடக் கூடாது. கொண்டியைப் போட்டுப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டேன். படிக்கு அடியில்தான் மீட்டர் போர்டு. ஏசி ஓடினால் பாகீரதி பில்லில்தான் ஏறும். கராஜ் மெயினை அணைத்தேன். மேலே வந்து கை கழுவிக்கொண்டு குங்குமச்சிமிழை எடுத்து வைத்தேன்.

கொஞ்ச நேரம் கதவைத் தட்டியிருப்பான். தட்டினால் அந்த ஸ்பாஞ்சைத் தாண்டி ஒன்றும் வராது என்று அவனுக்கு நன்றாகத் தெரியும், ஒட்டியதே அவன்தான். பிறகு ட்ரம்ஸுக்குப் போனான். புத்திசாலிப் பையன். ஆனால் அந்தக் கராஜிலிருந்து ட்ரம்ஸ் சத்தம் வந்தால் எங்கள் தெருவில் யார் திரும்பிப் பார்ப்பார்கள்? பதினேழு மாதமாக வருகிற சத்தம். போதாததற்கு இந்த வருஷம் அஷ்டமியும் நவமியும் சேருகிற வேளைச் சந்தி பூஜை சாயங்காலம் ஆறு மணியை ஒட்டி விழுந்தது. தெருவே பந்தலில் இருந்தது, எட்டு டாக் மேளம் முழங்கிக்கொண்டிருந்தது.

ஐந்தேகாலுக்கு அடுத்த தெரு மீனாக்ஷி வெற்றிலை பாக்குக்கு வந்தாள். உட்கார்ந்ததும் தரையைப் பார்த்தாள்.

"என்ன ராஜம், பூஜைக்குக்கூட லீவு விடமாட்டாளா இந்தப் பசங்க?"

"ஆல்பம் முடிக்கணுமாம்" என்றேன்.

"எப்படித்தான் இதுக்கு மேல குடியிருக்கயோ. நானா இருந்தா கீழ போய் நாலு வார்த்தை கேட்டுட்டு வருவேன்."

"சின்னப் பசங்க, விடு. ஒரு பாட்டுப் பாடேன், அம்பாளுக்கு."

அவள் பாடினாள். கீழே வேகமாக அடித்துக்கொண்டிருந்தது அவள் தாளத்தைக் குழப்பிற்று. இரண்டு இடத்தில் சிரித்துவிட்டு மறுபடி எடுத்தாள். தேங்காய், ஜாக்கெட் துணி, சுண்டல் எல்லாம் வைத்துக் கொடுத்தேன். அவளைக் கேட்டுப் பாருங்கள், என் முகத்தில் ஒரு வித்தியாசமும் இருந்ததாகச் சொல்லமாட்டாள்.

அவள் போன பிறகு சமையலறையில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றேன். முதலில் வேகம் குறைந்தது. பிறகு அடிக்கும் அடிக்கும் நடுவில் இடம் விழ ஆரம்பித்தது. ஒரு அடி, வெகுநேரம் ஒன்றுமில்லை, இன்னொரு அடி. ஏழு மாதமாக கிரீஷ் தொண்டை கிழியக் கேட்டது அதைத்தான். தடுமாற்றமே இல்லை. அவனுக்கு வந்துவிட்டது என்று நினைத்தேன். நிஜமாகவே நினைத்தேன், மேடம். கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. ஆறு மணி சுமாருக்கு ஒரு அடி விழுந்தது. அடுத்ததற்காகக் காத்திருந்தேன்.

பந்தலில் நூற்றெட்டு விளக்கு ஏற்றி முடிக்கும் வரை காத்துவிட்டு, அவன் பையையும் போனையும் எடுத்துக்கொண்டு கீழே போனேன். மெயினைப் போட்டேன், பூட்டைத் திறந்தேன். அவன் கதவுக்கும் ஸ்டூலுக்கும் நடுவில் கிடந்தான். பையையும் போனையும் ட்ரம்ஸ் பக்கத்தில் வைத்தேன். அங்கேதான் எனக்குக் கவனம் தப்பியது. இன்ஹேலர் ஐந்து அடி தூரத்தில் இருக்க, ஆஸ்துமாக்காரன் அதை எடுக்காமல் ஏன் கதவு ஸ்பாஞ்சைப் பிய்த்தான் என்று நீங்கள் கேட்டுவிட்டீர்கள். ஆள் உள்ளே அடைபட்டிருந்தான், பை பிறகு வந்தது என்று சரியாகவே பிடித்தீர்கள். பிடித்துவிட்டு ஆளை மட்டும் மாற்றிப் பிடித்தீர்கள். நான் பூட்டாமல் சாத்தி வைத்திருந்த கதவைத் திறந்துகொண்டு ஏழு மணிக்கு கிரீஷ் உள்ளே போனான். அவன் கத்திய சத்தம் கேட்டு முதலில் இறங்கி ஓடியவள் நான்தான். அது உங்கள் காகிதத்திலேயே இருக்கிறது.

துப்லு போனைத் திறக்க முடிந்தால் ஜூலை ரெக்கார்டிங்கைக் கேளுங்கள். திறக்க முடியாவிட்டால் ஹவுராவில் தமிழரசியைக் கேளுங்கள். என் சாவி இந்தக் காகிதத்தோடு இருக்கிறது.

ஏன் திறக்கவில்லை என்று கேட்பீர்கள். முழங்கால் வலி என்று சொல்லலாம்; அன்று மூன்று தடவை இறங்கி ஏறியிருக்கிறேன். பழகுகிறான் என்று நினைத்தேன் என்று சொல்லலாம். இருட்டில் யாரும் பழகமாட்டார்கள். அவன் சொல்லிவிடுவான் என்று பயந்தேனா என்றால், அவன்தான் காது கேட்கவில்லை என்று சொல்லி என்னைக் காப்பாற்றுவதாக இருந்தானே. திறந்திருந்தால் ஏழு மணிக்கு கிரீஷ் வந்திருப்பான், இரண்டு பேரும் கட்டிக்கொண்டிருப்பார்கள், எட்டு மணிக்கு ஒன்பதாவது பாட்டு முடிந்திருக்கும். டிசம்பரில் மேலேயும் கீழேயும் காலி. அதனால் திறக்கவில்லை. துப்லுவை நான்தான் அடைத்தேன், அவன் அடிப்பது எதற்கு என்று தெரிந்தே நின்றுகொண்டிருந்தேன். கிரீஷுக்கு இதில் ஒன்றும் தெரியாது.

இனி ஆல்பம் வராது என்று பாகீரதி நேற்று அழுதாள். வீட்டைக் கொடுப்பதாக இருந்ததையும் நிறுத்திவிட்டார்கள். நான்தான் அவளுக்கு ரசம் சாதம் பிசைந்து கொடுத்தேன். பிள்ளை எப்போது வருவான் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறாள். அவளுக்காகவும்தான் இதை எழுதினேன்.

முடிந்தால் இன்று சாயங்காலத்துக்குள்ளேயே அவனை அனுப்பிவிடுங்கள், மேடம். அவன் என் வாசலைத் தாண்டி மாடியேறுகிற சத்தம் கேட்டுவிட்டால்தான் எனக்கு ராத்திரி தூக்கம் வரும்.